சபை இல்லாத ஆட்டம்

ஏற்காட்டுக்கு மே மாதத்தில் வருகிறவர்கள் ஏரியில் படகு விட்டு, மலர்க் கண்காட்சி பார்த்து, லேடீஸ் சீட்டில் நின்று கீழே சேலத்து விளக்குகளை ரசித்துவிட்டு இறங்கிப் போய்விடுகிறார்கள். அவர்களை நான் குறை சொல்லவில்லை. ஐப்பசி மழையில் இந்த மலைக்கு ஏறி வருகிறவனுக்குக் கிடைப்பது வேறு. விளக்கும் தெரியாது, சேலமும் தெரியாது. பத்தடி தூரத்தில் நிற்கிற சில்வர் ஓக் மரம்கூடப் பனிக்குள் போய்விடும். வீட்டுக்குள்ளே உட்கார்ந்து காப்பி குடித்துக்கொண்டு பிறர் வீட்டு வழக்குகளைக் கேட்டுக்கொண்டிருக்கலாம். நான் வருஷா வருஷம் இருபது கொண்டை ஊசி வளைவுகளைக் கடந்து வருவது இதற்காகத்தான் என்று என் நண்பர் சொல்வார்.

இந்த வருஷம் வழக்கு என்னிடமே தீர்ப்புக்கு வந்துவிட்டது.

நண்பருக்குச் சேர்வராயன் மலைச் சரிவில் சிறிய காப்பித் தோட்டம் ஒன்று உண்டு. அவருடைய மகள் வயிற்றுப் பேத்தி ஏழு வயதிலிருந்து சேலத்தில் பரதநாட்டியம் கற்றவள். அரங்கேற்றம் ஆகிவிட்டது. படிப்பும் முடிந்துவிட்டது. மாசி மாதம் சேலத்தில் ஒரு சபையில் அவளுக்கு இரண்டாவது கச்சேரி வைத்துவிட வேண்டும் என்பது வீட்டாரின் விருப்பம். அவளோ வேறு ஒன்று சொல்கிறாள். தோட்டத்தில் ஒரு பழைய கொட்டகை இருக்கிறது. காப்பிப் பழத்தின் தோலை உரிக்கிற பல்ப்பர் ஒரு காலத்தில் அங்கே ஓடிற்று. இப்போது பழத்தை அப்படியே விலைக்குப் போட்டுவிடுகிறார்கள். ஆகையால் நாலு கல் தூண், ஓட்டுக் கூரை, கொட்டை ஊறப்போடுகிற சிமெண்டுத் தொட்டி, துருப்பிடித்த இயந்திரம் எல்லாம் சும்மா கிடக்கின்றன. அங்கே அவள் ஆடவேண்டுமாம். ஒரு தோழி அதைப் படம் பிடிக்கவேண்டுமாம். சபை வேண்டாம், பட்டுப் புடவை வேண்டாம், நன்றியுரை வேண்டாம்.

"பழத்தோல் நாத்தம் இன்னும் அங்கே போகலை. அங்கயா சலங்கை கட்டுவாங்க?" என்றார் நண்பரின் மனைவி. "நீங்க எழுதறவங்க. நாலு பேரு மதிக்கிறவங்க. நீங்களே சொல்லுங்கண்ணா. நீங்க சொன்னா அவ கேட்டுக்குவா."

பெண் வாதாடவில்லை. கம்ப்யூட்டரைக் கொண்டுவந்து என் முன்னால் வைத்தாள். "தாத்தா, முதல்ல இதைப் பாருங்க. அப்புறம் சொல்லுங்க" என்றாள்.

அவள் காட்டியது 1993ல் எடுத்த ஒரு சிறிய படம். பெயர் 'டூயட்ஸ் வித் ஆட்டோமொபைல்ஸ்'. தமிழ் சினிமா பார்த்து வளர்ந்தவனுக்கு டூயட் என்றதும் மரத்தைச் சுற்றுகிற ஜோடிதான் நினைவுக்கு வரும். அதோடு மோட்டார் வண்டியும் சேர்ந்தால் கேட்கவே வேண்டாம். நல்ல வேளையாக அப்படி ஒன்றும் இல்லை. சென்னையில் பிறந்து லண்டனில் நிலைத்துவிட்ட ஷோபனா ஜெயசிங் நடனம் அமைத்தது அது. டெர்ரி ப்ரான் என்பவர் டைரக்ட் செய்தது. இங்கிலாந்தில் அரசாங்கப் பணத்தில் நடக்கும் ஆர்ட்ஸ் கவுன்சிலும் பி.பி.சி.யும் டெலிவிஷனுக்கென்றே எடுத்தவை பல. அந்த வரிசையைச் சேர்ந்தது. சுமார் கால் மணி நேரம் ஓடுகிறது. மூன்று பெண்கள், மூவரும் பரதநாட்டியம் பயின்றவர்கள். இடம், லண்டனில் எழும்பிய புதிய அலுவலகக் கட்டிடங்கள். குமாஸ்தா இல்லை, மானேஜர் இல்லை, மேஜை இல்லை. வழவழவென்ற தரை, கண்ணாடி, தூண். அவற்றினிடையே அந்தப் பெண்கள் அரைமண்டியில் உட்கார்கிறார்கள், கை நீட்டுகிறார்கள், நடக்கிறார்கள். டூயட்டில் ஜோடி யாரென்றால் கட்டிடந்தான்.

நட்டுவாங்கம் செய்கிறவர் கண்ணில் படவில்லை. கண்ணன் வரவில்லை, சகியும் வரவில்லை. கைதட்டுவதற்கு எதிரே ஓர் ஆத்மா இல்லை.

முதல் தடவை பார்த்தபோது எனக்கு எரிச்சல்தான் வந்தது. அதை மறைப்பதில் பயன் இல்லை. இரண்டாம் தடவை பார்த்தது அந்தப் பெண்ணுக்காக. மூன்றாம் தடவை எனக்காக. அதற்கு ஒரு காரணம் உண்டு; பிறகு சொல்கிறேன்.

இங்கிலாந்தில் இந்த மாதிரி விசித்திரங்களை ஜனங்கள் தேடிப் போய்ப் பார்க்கவேண்டியதில்லை. அவை வீட்டுக் கூடத்துக்கே வந்துகொண்டிருந்தன. 1971ல் டேவிட் ஹால் என்ற கலைஞர் ஸ்காட்லந்து டெலிவிஷனுக்காகச் சில துண்டுப் படங்கள் செய்தார். முன்னறிவிப்புக் கிடையாது, பெயர் கிடையாது. வழக்கமான நிகழ்ச்சிகளுக்கு நடுவே திடீரென்று திரையில் ஒரு குழாய் தோன்றும். தண்ணீர் கொட்டும். டெலிவிஷன் பெட்டியே தொட்டியாகிவிட்ட மாதிரி நீர்மட்டம் ஏறி, பெட்டி நிரம்பி, பிறகு வடியும். அவ்வளவுதான். அடுத்த நிகழ்ச்சி வந்துவிடும். சாப்பிட்டுக்கொண்டே பார்த்தவர்கள் பெட்டிக்குக் கீழே தரையைத் தடவிப் பார்த்திருப்பார்கள் என்று நினைத்துக்கொள்கிறேன்.

1977ல் பி.பி.சி. சாமுவேல் பெக்கெட்டின் 'நாட் ஐ' என்ற சிறு நாடகத்தைக் காட்டிற்று. பில்லி வைட்லா என்ற நடிகையின் வாய் மட்டுமே திரை முழுவதும். கண் இல்லை, நெற்றி இல்லை, கை இல்லை. உதடும் பல்லும் நாக்கும் மூச்சுவிடாமல் பேசித் தள்ளுகின்றன. கை போன வழி கண் போகவேண்டும், கண் போன வழி மனம் போகவேண்டும் என்று பாடம் படித்த நமக்கு இதைவிடப் பெரிய சோதனை வேண்டியதில்லை. 1982ல் சானல் ஃபோர் ஆரம்பமானபோது, உருவத்திலும் உள்ளடக்கத்திலும் பரிசோதனைகளை ஊக்குவிக்கவேண்டும் என்று அதற்குச் சட்டத்திலேயே எழுதிவைத்திருந்தார்கள். பரிசோதனையைச் சட்டம் போட்டு வளர்க்க முடியுமா என்று நாம் சிரிக்கலாம். வளர்ந்ததா என்று கேட்டால், கொஞ்சம் வளர்ந்துதான் இருக்கிறது. அந்த மண்ணில்தான் நம் ஊர் அடவும் போய் விழுந்தது.

அந்த நாட்களில் நம் ஊர் டெலிவிஷனில் நாட்டியம் எப்படி இருந்தது என்பது வயதானவர்களுக்கு நினைவிருக்கும். நீலத் துணி தொங்கும். அதற்கு முன்னால் இரண்டு அட்டைத் தூண். தூணில் யாளி வரைந்திருக்கும். ஒரு முக்காலியின்மேல் நடராஜர், அவர் காலடியில் கதம்பம். கோயிலை ஸ்டூடியோவுக்குள் கொண்டுவந்துவிட்டதாக எல்லோருக்கும் திருப்தி. சபைகளில் இன்றும் பாதிக்கு மேல் அந்த அட்டைத் தூண்தான். அட்டை போய்த் தெர்மோகோல் வந்திருக்கிறது.

மூன்றாம் தடவை பார்க்கும்போது இந்த அட்டைத் தூண்தான் எனக்கு உதவி செய்தது. லண்டன் கட்டிடத்தின் தூண் மொட்டைத் தூண். அதில் சிற்பம் இல்லை, போதிகை இல்லை. சிதம்பரத்தில் கோபுர வாசல் வழியாகப் போகிறவன் நூற்றெட்டுக் கரணங்களையும் சுவரிலே பார்த்துக்கொண்டு போகலாம். ஆட்டம் கல்லுக்குள் இருக்கிறது. இங்கே கல்லில் ஒன்றும் இல்லை. அதில் இருந்தவள் வெளியே வந்து எதிரே நிற்கிறாள் என்று தோன்றிற்று. அப்படித் தோன்றியபின், அரைமண்டியில் உட்கார்ந்த ஒரு பெண்ணின் முழங்காலும் முழங்கையும் செய்கிற கோணம், கட்டிடக்காரன் போட்ட கோட்டோடு பேச ஆரம்பித்துவிட்டது. நம் நிருத்தத்தில் எவ்வளவு ஜியோமிதி இருக்கிறது என்பதைப் பட்டு விசிறியும் ஒட்டியாணமும் ராக்கொடியும் எத்தனை காலமாக மறைத்துவந்திருக்கின்றன! இதைச் சபையில் பத்தாவது வரிசையில் உட்கார்ந்து நான் ஒரு நாளும் பார்த்ததில்லை.

குறைகளும் உண்டு, சொல்லத்தான் வேண்டும். கேமரா காலைக் காட்டினால் முகம் போய்விடுகிறது. முகத்துக்கு வந்தால் கால் போய்விடுகிறது. தாளத்தை உடம்பில் வாங்கிக்கொண்டு பார்க்கிறவனுக்கு, ஒரு கோர்வை முடியும் இடத்தில் தலை அசைக்கவேண்டும். படத்தை வெட்டுகிறவர் அதற்கு இடம் கொடுப்பதில்லை. அவருக்கு வேறு தாளம். இதை டெலிவிஷன் நடனம் எல்லாவற்றுக்குமே சொல்லலாம். இந்தப் படத்துக்கென்று இன்னொரு குறையும் உண்டு. அபிநயத்தை அடியோடு கழற்றி வைத்துவிட்டார்கள். கழற்றியது தவறு என்று சொல்லமாட்டேன். ஆனால் கழற்றிய இடம் காலியாகவே இருக்கிறது. பெரிய கட்டிடம் சில சமயம் பெண்களை விழுங்கிவிடுகிறது. கட்டிடமே நன்றாக ஆடிற்று என்று சொல்லும்படி ஆகிவிடுகிறது.

ஷோபனா ஜெயசிங் 1957ல் பிறந்தவர். வழுவூர் சாம்ராஜ் பிள்ளையிடம் கற்றவர். இங்கிலாந்துக்குப் போய் ஷேக்ஸ்பியர் காலத்து இலக்கியத்தைப் படித்தார். முதலில் எல்லோரையும் போல மார்க்கம் ஆடிக்கொண்டிருந்தார். 1988ல் மைக்கேல் நைமன் என்ற ஆங்கிலேய சங்கீதக்காரரின் இசைக்கு அடவுகளை அமைத்தார். 'கான்ஃபிகரேஷன்ஸ்' என்று பெயர். அதிலிருந்து அவர் வழி வேறு வழியாயிற்று. 1995ல் 'ரெய்டு' என்று ஒன்று செய்தார். அதன் மூலப்பொருள் கபடி! நம் ஊர்ப் பொட்டலில் மூச்சடக்கிப் பாடிக்கொண்டு கோட்டைத் தாண்டுகிறானே, அதே கபடி. இதைக் கேட்டதும் நண்பரின் மனைவிக்குக்கூட முகம் மலர்ந்தது. அவருடைய அண்ணன் ஜில்லா அளவில் கபடி ஆடினவர்.

வாசகர்களில் சிலர், "அது எல்லாம் சரி, லண்டனில் இருப்பவர் லண்டனுக்குத் தக்கபடி செய்கிறார். நம் பெண்ணுக்கு ஏன்?" என்று கேட்பார்கள். நண்பர் கேட்டதும் இதுதான். சம்பிரதாயம் என்று நாம் சொல்வதன் வயது என்ன என்று அவரைத் திருப்பிக் கேட்டேன். கோயிலிலும் அரண்மனையிலும் ஆடப்பட்டுச் சதிர் என்று பெயர் பெற்றிருந்த ஆட்டம் மேடைக்கு வந்து இன்னும் நூறு வருஷம் சரியாக ஆகவில்லை. ருக்மிணி தேவி அடையாற்றில் முதன்முதலாக ஆடியது 1935ல். கலாக்ஷேத்திரம் 1936ல். அந்த வருஷங்களில் ஒரு நல்ல குடும்பத்துப் பெண் மேடை ஏறி ஆடுவதா என்று கூச்சலிட்டவர்களின் பேத்திகள்தான் இன்று அரங்கேற்றப் பத்திரிகையில் தங்க எழுத்தில் பெயர் போட்டுக்கொள்கிறார்கள். பட்டுப் புடவையைத் தைத்து உடுப்பாக்கியதும், பின்னால் திரை தொங்கவிட்டதும், மேடையில் நடராஜரை வைத்ததும் அன்று புதுமைகள். கூச்சல் ஓய்ந்ததும் அவையே சம்பிரதாயமாகிவிட்டன. அந்தச் சம்பிரதாயத்துக்கு இடம் விட்டு ஒதுங்கிப்போன தேவதாசிக் குடும்பங்களைப் பற்றி யாரும் பத்திரிகை அடிக்கவில்லை. 1947ல் சட்டம் வந்து அவர்கள் கதையை முடித்தது.

லண்டனுக்கு நம் ஆட்டம் போனதும் நேற்றல்ல. 1838ல் திருவந்திபுரத்திலிருந்து ஐந்து தேவதாசிகளையும் மூன்று வாத்தியக்காரர்களையும் ஒரு பிரெஞ்சு வியாபாரி கப்பலேற்றிக்கொண்டு போனார். பாரிஸில் ஆடினார்கள். லண்டனில் அடெல்ஃபி தியேட்டரில் ஆடினார்கள். அவர்களில் அம்மணி என்பவளைப் பார்த்து தியோஃபில் கோத்தியே என்ற பிரெஞ்சு எழுத்தாளர் மதி மயங்கி எழுதினார். ஒரு சிற்பி அவளைப் பதுமையாகச் செய்தார். அவள் என்ன நினைத்தாள் என்பதை ஒருவரும் எழுதிவைக்கவில்லை. ஷோபனா ஜெயசிங் 2015ல் இந்தச் சம்பவத்தை எடுத்துக்கொண்டு ஒரு நடனம் அமைத்தார். அதே வருஷம் இன்னொன்றும் அமைத்தார், 'மெட்டீரியல் மென்' என்று. அதில் ஆடியவர்கள் இரண்டே ஆண்கள். ஒருவர் மலேசியாவிலிருந்து வந்த சாஸ்திரீய நடனக்காரர். மற்றவர் சூரினாம் தேசத்துக்குக் கூலியாகப் போன இந்தியர் வம்சத்தில் வந்து, தெருவில் ஆடுகிற ஹிப்‌ஹாப் ஆட்டத்தில் தேர்ந்தவர். ஒப்பந்தக் கூலிகளின் சரித்திரம் அந்த இரண்டு உடம்புகளில் எழுதப்பட்டிருந்தது.

இதைச் சொன்னபோது நண்பர் சற்று நேரம் பேசவில்லை. இந்த மலையில் காப்பி பயிரானது 1820களில், காக்பர்ன் என்ற கலெக்டர் காலத்திலிருந்து. பிறகு வெள்ளைக்காரத் துரைகள் தோட்டங்கள் போட்டார்கள். கீழே சமவெளியிலிருந்து ஆட்கள் ஏறி வந்தார்கள். இதே சேலம் ஜில்லாவிலிருந்து எத்தனையோ பேர் இலங்கைத் தோட்டங்களுக்கும் கப்பலேறினார்கள். நண்பரின் கொள்ளுப்பாட்டனார் தோட்டத்தில் கங்காணிக்குக் கீழே வேலை செய்தவர். தோட்டம் வாங்கியது அவருக்கு இரண்டு தலைமுறை பின்னால்.

இங்கே பீட்டர் ப்ரூக்கைப் பற்றி ஒரு வார்த்தை. பரிசோதனை நாடகக்காரர்களில் பெரிய பெயர் அவருடையது. 1985ல் பிரான்ஸில் அவிஞான் நகருக்கு வெளியே ஒரு கல் குவாரியில் மகாபாரதத்தை ஒன்பது மணி நேர நாடகமாகப் போட்டார். 1989ல் அது படமாகி டெலிவிஷனுக்கு வந்தது. சானல் ஃபோரும் அதற்குப் பணம் போட்டது. பீஷ்மர் ஆப்பிரிக்கர். தருமர் போலந்துக்காரர். திருதராஷ்டிரனாக வந்தவர் ரிஷார்ட் சிஷ்லக். போலந்தில் குரோட்டோவ்ஸ்கியின் பரிசோதனை நாடகங்களில் உடம்பையே எரித்துக்கொண்டு நடித்தவர் என்று பெயர் வாங்கியவர். குருட்டு அரசனாக அவர் உட்கார்ந்திருக்கிற இருப்பு ஒன்றுக்காக அந்தப் படத்தைப் பார்க்கலாம். திரௌபதி, நம் மல்லிகா சாராபாய். முக்கிய வேஷக்காரர்களில் இந்தியர் அவர் ஒருவரே. அதற்குச் சற்றுப் பின்னால் நம் சோப்ரா எடுத்த டெலிவிஷன் மகாபாரதத்தையும் பி.பி.சி. காட்டிற்று. ஆகவே இங்கிலாந்துக்காரர்கள் ஒரே சமயத்தில் இரண்டு மகாபாரதம் பார்த்தார்கள். அவர்களுக்குக் குழப்பமாக இருந்திருக்கலாம்.

ப்ரூக் இந்தியா முழுவதும் சுற்றி ஆட்டங்களைப் பார்த்தார். பிறகு ஆட்டங்களை விட்டுவிட்டுக் கதையை எடுத்துக்கொண்டு போனார். இந்த மலை அடிவாரத்து ஊர்களில், திரௌபதி அம்மன் கோயில் திருவிழாவில், விடிய விடியக் கூத்துப் பார்த்தவனுக்கு அந்தப் படத்தில் ஒரு பசி தீராது. பதினெட்டாம் நாள் களத்தில் துரியோதனனை மண்ணால் செய்து படுக்க வைத்திருப்பார்கள். அம்மன் கூந்தல் முடிகிற அந்த நேரத்தில் கூட்டத்தில் இருக்கிற பெண்கள் யாரும் கதை கேட்டுக்கொண்டிருப்பதில்லை. அவர்களுக்கே ஏதோ ஒன்று முடிகிறது. ஷோபனா ஜெயசிங் செய்தது இதற்கு நேர் மாறான காரியம். கதையை விட்டுவிட்டு ஆட்டத்தை எடுத்துக்கொண்டார். இரண்டு பேரில் யார் நமக்கு அதிகம் மீதி வைத்தார்கள் என்று கேட்டால், பின்னவர் என்றே சொல்வேன். கதை எங்கும் போய்விடாது. ஒரு அடவு சரியாக உட்காராவிட்டால் போனது போனதுதான்.

லண்டனுக்கே போகவேண்டும் என்பதும் இல்லை. சென்னையில் பெசன்ட் நகர்க் கடற்கரை ஓரம் இருந்துகொண்டு சந்திரலேகா 1985ல் 'அங்கிகா' செய்தார். பரதமும் களரியும் யோகாசனமும் அதில் ஒரே உடம்பில் வந்தன. சாமி இல்லையே என்று அப்போது முணுமுணுத்தவர்களில் நானும் ஒருவன். சத்யஜித் ராய் 1976ல் பாலசரஸ்வதியைப் பற்றி எடுத்த படத்தில் அம்மையாரைக் கடற்கரையில் நிறுத்தி 'கிருஷ்ணா நீ பேகனே' ஆடவைத்தார். காற்று புடவையைப் பிடித்து இழுக்கிறது, பின்னால் அலை அடிக்கிறது. சம்பிரதாயத்தின் கடைசிக் கோட்டை என்று நாம் கொண்டாடுகிற பாலாவே சபையை விட்டு மணலில் இறங்கிய பிறகு, பல்ப்பர் கொட்டகைக்கு மட்டும் என்ன தீட்டு?

இனி, மூன்றாம் தடவை ஏன் பார்த்தேன் என்பதைச் சொல்லவேண்டும்.

இரண்டாம் தடவை படம் முடிந்ததும் பெண் கம்ப்யூட்டரை மூடாமலே சொன்னாள்: "எங்க டீச்சருக்கு உங்களைத் தெரியும், தாத்தா."

"அப்படியா? எப்படி?"

"நீங்க அவங்களைப் பத்தி எழுதியிருக்கீங்க."

எனக்கு நினைவில்லை. அவள் சொல்லச் சொல்ல நினைவு வந்தது. 1990களின் நடுவில் சென்னையில் ஒரு சின்ன அரங்கில் ஒரு இளம்பெண் தனியாக ஆடினாள். பாட்டுக் கிடையாது, மிருதங்கம் மட்டும். மேடையில் இரண்டு நாற்காலியும் ஒரு குடம் தண்ணீரும் இருந்தன. இருபது பேர் வந்திருந்தோம். நான் பாதியில் எழுந்து வெளியே வந்து, மறு வாரம் ஒரு பத்திரிகையில் இரண்டு பக்கம் எழுதினேன். சலங்கை கட்டிக்கொண்டு டிரில் செய்வதற்குப் பள்ளிக்கூட மைதானமே போதும் என்பது அதில் ஒரு வாக்கியம். அந்த வாக்கியத்தைப் பலர் பாராட்டினார்கள். எனக்கும் அதன்மேல் கொஞ்சம் பிரியம் இருந்தது. அந்தப் பெண் பிறகு அந்த மாதிரி ஆடவில்லை. கல்யாணம் ஆகிச் சேலத்துக்கு வந்து, புஷ்பாஞ்சலியில் ஆரம்பித்துத் தில்லானாவில் முடிகிற மார்க்கத்தைக் குழந்தைகளுக்குச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருக்கிறாள்.

"அதை வெட்டி, அடவு நோட்டுக்குள்ளே வச்சிருக்காங்க" என்றாள் பேத்தி.

"திட்டுவாங்களா?"

"இல்லை. 'இவர் சொன்னதிலே பாதி சரி'ன்னு சொல்லுவாங்க."

"எந்தப் பாதி?"

"அதை மட்டும் சொல்ல மாட்டாங்க."

அன்று இரவு மழை ஓட்டின்மேல் கொட்டிக்கொண்டிருந்தது. எனக்குத் தூக்கம் பிடிக்கவில்லை. நாற்காலியும் குடமும் தேவையில்லை என்று நான் எழுதியது சரி. இன்றைக்கும் அதை மாற்றமாட்டேன். தன் உடம்பின்மேல் முழு நம்பிக்கை வராத ஆட்டக்காரி சாமான்களைத் துணைக்கு அழைக்கிறாள். லண்டன் படத்தில் சாமான்கள் இல்லை என்பது அதன் பெரிய பலம். ஆனால் அந்தப் பெண்ணுக்குப் பின்னால் ஆர்ட்ஸ் கவுன்சில் இல்லை, பி.பி.சி. இல்லை. முதல் தடவை தடுக்கினால் இரண்டாம் தடவை பார்க்கலாம் என்று சொல்ல இருபது பேர் இருந்தோம். இருபது பேரில் ஒருவன் பாதியில் எழுந்து வந்து டிரில் என்று எழுதினான். மற்றப் பத்தொன்பது பேர் என்ன நினைத்தார்கள் என்பது அச்சில் வரவில்லை. ஷோபனா ஜெயசிங்கின் முதல் முயற்சிகளைப் பற்றி லண்டனிலும் எவனாவது இப்படி எழுதியிருப்பான். அவருக்கு அடுத்த வருஷம் ஒன்று இருந்தது, அதற்கடுத்த வருஷமும் இருந்தது. பரிசோதனை என்றால் அதில் தோற்பதற்கும் செலவுக்கணக்கில் இடம் வேண்டும். நம் ஊரில் அந்தக் கணக்கு ஒரு பெண்ணின் கல்யாண வயதோடு முடிந்துவிடுகிறது.

நான் எழுதியதால்தான் அவள் நிறுத்தினாள் என்று சொல்லிக்கொள்வதும் ஒரு கர்வம். விமர்சகனுக்கு அவ்வளவு சக்தி கிடையாது. ஆனால் நிறுத்தலாமா என்று யோசித்துக்கொண்டிருந்த வீட்டுக்காரர்கள் கையில் என் இரண்டு பக்கம் போய்ச் சேர்ந்திருக்கும். "நீங்க சொன்னா அவ கேட்டுக்குவா" என்று இந்த வீட்டில் எனக்குச் சொன்னார்களே, அந்த மாதிரி அந்த வீட்டிலும் யாராவது சொல்லியிருப்பார்கள்.

காலையில் மழை விட்டிருந்தது. பெண்ணைக் கூட்டிக்கொண்டு கொட்டகைக்குப் போனேன். நண்பரும் வந்தார். அவர் மனைவி வரமாட்டேன் என்று சொல்லிவிட்டுப் பின்னாலேயே வந்தார். பழத்தோல் நாற்றம் ஒன்றும் இல்லை. ஈர மண் வாசனைதான். கல் தூண்கள் நாலும் நன்றாக இருந்தன. உளி பட்ட அடையாளம் தெரிந்தது. இந்த மலைக் கல்தான். பெண் செருப்பைக் கழற்றிவிட்டு ஒரு தூணுக்கு எதிரே போய் நின்றாள். தாளம் இல்லை, ஜதி இல்லை. அரைமண்டியில் உட்கார்ந்து இரண்டு கையையும் நீட்டினாள். நீட்டியபடியே இருந்தாள்.

அவள் ஏன் இங்கே ஆடவேண்டும் என்கிறாள் என்று நான் அதுவரை கேட்கவில்லை. கேட்டேன்.

"சபையில ஆடறப்ப நான் எங்கயோ கோயில்ல இருக்கறதா பாவனை பண்ணணும், தாத்தா. இங்க நான் இங்கதானே இருக்கேன்?"

டீச்சரிடம் சொன்னாயா என்று கேட்டேன். சொல்லவில்லையாம், பயமாம். நான் கடிதம் எழுதித் தருகிறேன், நீயே கொண்டுபோய்க் கொடு என்றேன். கடிதத்தில் எந்தப் பாதி என்று கேட்கப்போகிறேன். மற்றப் பாதிக்கு மன்னிப்பும் கேட்கவேண்டும். படம் எடுக்கும்போது நட்டுவாங்கத்துக்கு அந்த அம்மாளையே அழைக்கவேண்டும் என்பது என் யோசனை. கேமராவில் அவர் தெரிந்தாலும் பாதகமில்லை. லண்டன் படத்தில் நான் தேடிக் காணாத ஒரு ஆள் அவர்.

இதற்குள் நண்பரின் மனைவி குனிந்து தரையைக் கையால் தடவிப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"சிமெண்டுத் தரைங்கண்ணா" என்றார். "இதுல அடவு மிதிச்சா முட்டி போயிடும். இதை யாரும் யோசிக்கலை."

உண்மையில் யாரும் யோசிக்கவில்லை. நானும் யோசிக்கவில்லை. கால் மணி நேரப் படத்தை மூன்று தடவை பார்த்தவனுக்கு, அந்த வழவழப்பான தரையில் மிதித்த பெண்களின் முழங்கால் நினைவு வரவில்லை. மரத்தரைதான் வேண்டும் என்று பேத்தியும் ஒப்புக்கொண்டாள். போன வருஷக் காற்றில் விழுந்த சில்வர் ஓக் மரங்களை அறுத்துப் போட்ட பலகை வீட்டுப் பின்புறம் அடுக்கியிருக்கிறது என்றார் நண்பர். எத்தனை பலகை வேண்டியிருக்கும் என்று தூணுக்குத் தூண் அடி வைத்து அளக்க ஆரம்பித்தார். அவர் மனைவி, அளவு தப்பு, திரும்ப முதலிலிருந்து அளங்கள் என்றார்.